சுவீடனின் கார்ல் பில்ட் தோற்றுப்போன பிரதமரா?

கேள்வி இரண்டு பகுதிகளாக வந்திருக்கிறது. 2009-இல் இலங்கை அரசு நுழைவு அனுமதி மறுத்த சுவீடன் வெளியுறவு அமைச்சர் கார்ல் பில்ட் யார் என்பது முதற்பகுதி. சமூக ஜனநாயகத்தின் தாய்வீடு என்று நாமெல்லாம் படித்த நாட்டில் ஒரு பழமைவாதி எப்படிப் பிரதமராக முடிந்தது, மூன்றே ஆண்டில் மக்கள் விரட்டியதால் பதவியிழந்த அவருக்கு ஏன் இத்தனை பெயர் என்பது இரண்டாவது பகுதி. குறுகிய காலமே ஆண்ட ஒருவருடைய செல்வாக்கை எதைக் கொண்டு அளப்பது என்பதே கேட்பவரின் உண்மையான ஐயம் என்று எடுத்துக்கொண்டு பதில் எழுதுகிறேன். நான் ஐரோப்பியக் கட்சி அரசியலைப் பல ஆண்டுகளாகக் கற்பித்து வருபவன். சுவீடிய மொழியில் வெளியான விசாரணைக் குழு அறிக்கைகளையும் நாடாளுமன்ற ஆவணங்களையும் நேரடியாக வாசிக்கிறேன். பால்கன் மொழிகள் எனக்குத் தெரியாது. ஆகையால் போஸ்னியா பற்றி நான் சொல்பவற்றைச் சற்றுக் குறைந்த உறுதியோடு எடுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் ஒரு பின்னணி. சுவீடன் ஒருபோதும் சோசலிச நாடாக இருந்ததில்லை. தனியார் தொழில் வலுவாக இருந்த, வரி மிக உயர்ந்த, நலத்திட்டங்கள் விரிந்த நாடு என்பதே சரி. ஆனால் 1932 முதல் 1976 வரை, 1936-இல் சில மாதங்கள் நீங்கலாக, பிரதமர் பதவி சமூக ஜனநாயகக் கட்சியிடமே இருந்தது உண்மை. பழமைவாதக் கட்சியின் கடைசிப் பிரதமரான அர்வித் லிண்ட்மன் 1930 ஜூனில் பதவி விலகிய பின், அக்கட்சியைச் சேர்ந்த ஒருவர் மீண்டும் அந்த நாற்காலியில் அமர 61 ஆண்டுகள் ஆயின. அப்படி அமர்ந்தவர்தான் பில்ட். லிண்ட்மனை இங்கே குறிப்பிடுவதற்கு இன்னொரு காரணமும் உண்டு. ஆண்கள் அனைவருக்கும் வாக்குரிமையும் விகிதாசாரப் பிரதிநிதித்துவமும் தந்த 1907–1909 சீர்திருத்தத்தை நிறைவேற்றியது அவருடைய பழமைவாத அரசே. வரப்போகும் மாற்றத்தைத் தடுக்க முடியாதென்று கண்டால் அதைத் தன் கையாலேயே, தனக்கு உகந்த வடிவில் செய்துமுடிப்பது சுவீடிய வலதுசாரிகளின் பழைய வழக்கம். பில்டைப் புரிந்துகொள்ள அது உதவும். ஆனால் அவர் மாற்றத்தைத் தடுக்க முடியாமல் ஏற்றவர் அல்லர், விரும்பித் தேடிப் போனவர்.

அவர் 1949 ஜூலை 15 அன்று ஹால்ம்ஸ்டாட் நகரில் ஒரு பழைய பிரபுக் குடும்பத்தில் பிறந்தார். அவருடைய முன்னோரான யில்லிஸ் பில்ட் 1888–1889-இல் பிரதமராக இருந்தவர். ஸ்டாக்ஹோம் பல்கலைக்கழகத்தில் மாணவராக இருந்தபோது 1968-ஆம் ஆண்டின் கொந்தளிப்பு வந்தது. இடதுசாரி மாணவர்கள் சங்கக் கட்டடத்தைக் கைப்பற்றிய அந்தச் சூழலில், எதிரணி மாணவர்களைத் திரட்டிய குழுவில் பில்ட் முன்னின்றார். அவர் தலைமுறையின் பெரும்பாலோர் வியட்நாம் போர் எதிர்ப்பில் அரசியல் பழகியபோது, அவர் அவர்களை எதிர்த்து வாதிடுவதில் அரசியல் பழகினார். எதிராளியின் ஆவணத்தை எதிராளியைவிட நன்றாகப் படித்துவிட்டு வந்து பேசும் பழக்கம் அங்கே உருவானதாக நான் கருதுகிறேன். அதனோடு சேர்ந்து வந்த ஓர் ஏளனத் தொனியும் கடைசிவரை அவரைவிட்டுப் போகவில்லை.

அவரை வளர்த்தெடுத்தவர் 1970 முதல் 1981 வரை மாடரேட் கட்சியின் (மேலே சொன்ன பழமைவாதக் கட்சியின் இன்றைய பெயர்) தலைவராக இருந்த யோஸ்டா பூமன். 1976-இல் 44 ஆண்டுக் கால சமூக ஜனநாயக ஆட்சி முடிந்து மூன்று கட்சிக் கூட்டணி அரசு அமைந்தபோது, பூமன் பொருளாதார அமைச்சரானார். இருபத்தேழு வயது பில்ட் அவருடைய அமைச்சகத்தில் கூட்டணிக் கட்சிகளுக்கிடையே ஒருங்கிணைப்புப் பணியில் அமர்ந்தார். 1979-இல் நாடாளுமன்ற உறுப்பினரானார். பிற்பாடு பூமனின் மகளையே மணந்தார். அந்த மணம் 1990-களின் இறுதியில் முடிந்தது. குடும்ப உறவால் உயர்ந்தவர் என்ற பேச்சு அப்போது இருந்தது. ஆனால் திருமணம் 1984-இல்தான் நடந்தது, அதற்கு முன்பே அவர் நாடறிந்தவராகிவிட்டார். அந்தப் பெயரைத் தந்தது நீர்மூழ்கிக் கப்பல் விவகாரம்.

இதைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் உறுதியானதும் ஐயத்துக்குரியதும் இவ்வளவு நெருக்கமாகப் பின்னிக் கிடக்கும் வேறொரு நிகழ்வு அவர் வாழ்வில் இல்லை. 1981 அக்டோபர் இறுதியில் சோவியத் நீர்மூழ்கிக் கப்பல் ஒன்று கார்ல்ஸ்குரூனா கடற்படைத் தளத்துக்கு அருகே பாறையில் ஏறித் தட்டி நின்றது. இதில் எந்த ஐயமும் இல்லை. உலகமே படம் பார்த்தது. அடுத்த ஆண்டு அக்டோபரில், ஸ்டாக்ஹோமுக்குத் தெற்கே ஹோர்ஸ்ஃபியார்டன் வளைகுடாவில், கண்ணுக்குத் தெரியாத கப்பல்களைத் தேடிக் கடற்படை வாரக்கணக்கில் ஆழ்கடல் குண்டுகளை வீசியது. எதுவும் மேலெழவில்லை. அதை ஆராய அமைக்கப்பட்ட குழுவில் முன்னாள் அமைச்சர் ஸ்வென் ஆண்டர்சன் தலைவராகவும் பில்ட் ஓர் உறுப்பினராகவும் இருந்தனர். 1983 ஏப்ரலில் குழு சோவியத் யூனியனையே பெயர் சொல்லிக் குற்றஞ்சாட்டியது. பிரதமர் ஓலோஃப் பால்மே மாஸ்கோவுக்குக் கடுமையான கண்டனம் அனுப்பினார். அறிக்கை வெளிவந்த சில நாள்களில் பில்ட் வாஷிங்டனுக்குப் போய் அங்குள்ள பாதுகாப்பு, உளவுத்துறை அதிகாரிகளைச் சந்தித்தார். நடுநிலை நாட்டின் இரகசியங்களை அறிந்த ஒருவர் இப்படிச் செய்யலாமா என்று பால்மே அரசு வெளிப்படையாகவே அவரைக் கண்டித்தது. எதிர்க்கட்சி உறுப்பினர் ஒருவர்மீது ஓர் அரசு இத்தகைய கண்டனத்தை வெளியிடுவது அங்கே மிக அரிது. அவரைச் சிறுமைப்படுத்தச் செய்யப்பட்ட இந்தக் காரியம் அவரைத் தேசிய அளவில் பால்மேயின் நேர் எதிராளியாக உயர்த்திவிட்டது.

குழுவின் முடிவு சரியா என்பது வேறு கேள்வி. பின்னர் 1990-களில் நடந்த ஆய்வுகள், கடலில் பதிவான ஒலிகளில் கணிசமான பகுதி மிங்க் என்ற நீந்தும் சிறு விலங்குகளும் மீன் கூட்டங்களும் எழுப்பியவை என்று காட்டின. 2001-இல் தூதர் ரோல்ஃப் எகேயுஸ் அளித்த விசாரணை அறிக்கை, 1982-இல் ஊடுருவல் நடந்ததை ஏற்றுக்கொண்டபோதும், அது எந்த நாட்டுக் கப்பல் என்று நிறுவச் சான்று போதாது என்றது. அவை மேற்கு நாட்டுக் கப்பல்களாக இருந்திருக்கலாம் என்று எழுதும் ஆய்வாளர்களும் உண்டு. பில்ட் தம் பழைய முடிவிலிருந்து இறங்கி வரவில்லை. ஆவணங்களை வாசித்த அளவில், 1983 குழு தன்னிடம் இருந்த சான்றுகள் தாங்கக்கூடியதைவிட உறுதியாகப் பேசிவிட்டது என்றே எனக்குத் தோன்றுகிறது. ஆனால் 1981-இல் ஒரு கப்பல் பாறையில் ஏறிக் கிடந்ததைப் பார்த்தவர்கள் அப்படி எண்ணியதில் வியப்பில்லை.

1986 பிப்ரவரியில் பால்மே சுட்டுக் கொல்லப்பட்டார். அதே ஆண்டு ஆகஸ்டில், உல்ஃப் அடெல்சனுக்குப் பின் பில்ட் கட்சித் தலைவரானார். 1988 தேர்தலில் கட்சி 18.3 சதவீதத்துக்குச் சரிந்தது. அதாவது தொடக்கம் தோல்விதான். பிறகு நிலைமை அவருக்குச் சாதகமாகத் திரும்பியதில் அவர் திறமைக்கு இணையாகக் காலத்துக்கும் பங்குண்டு. பெர்லின் சுவர் விழுந்தது. கடன் சந்தை 1985-இல் தளர்த்தப்பட்டதால் ஊதிப் பெருத்த நில, கட்டட விலைகள் 1990-இல் நொறுங்கத் தொடங்கின. தாராளவாத மக்கள் கட்சித் தலைவர் பெங்ட் வெஸ்டர்பெரியுடன் சேர்ந்து ‘சுவீடனுக்குப் புதிய தொடக்கம்’ என்ற திட்டத்தை முன்வைத்து 1991 செப்டம்பர் தேர்தலைச் சந்தித்தார். மாடரேட் கட்சிக்கு 80 இடங்கள் கிடைத்தன. மக்கள் கட்சி, மையக் கட்சி, கிறித்தவ ஜனநாயகக் கட்சி ஆகியவற்றோடு கூட்டினால் 349 இடங்களில் 170. பெரும்பான்மைக்கு ஐந்து குறைவு. இடையில் 25 இடங்களுடன் நின்றது ‘புதிய ஜனநாயகம்’ என்ற புதுக் கட்சி. வரி எதிர்ப்பும் குடியேற்ற எதிர்ப்பும் கேளிக்கையும் கலந்து ஒரு பிரபுவும் ஒரு பொழுதுபோக்குப் பூங்கா உரிமையாளரும் நடத்திய கட்சி அது. தேர்தல் இரவில் அவ்விருவரும் தொலைக்காட்சி நிலையத்தில் தம் அருகே வந்து அமர்ந்தபோது வெஸ்டர்பெரி எழுந்து போய்விட்ட காட்சி இன்றும் நினைவுகூரப்படுகிறது. எழுந்து போனவர் துணைப் பிரதமரானார். அரசோ ஒவ்வொரு வாக்கெடுப்பிலும் அமர்ந்திருந்தவர்களின் தயவில் நின்றது. பில்ட் ஆட்சியின் பலவீனம் முழுவதும் இந்தக் கணக்கில் அடங்கியிருக்கிறது.

ஆட்சிக்கு வந்தபின் திட்டமிட்டதைச் செய்வதற்கு முன் நெருக்கடி முந்திக்கொண்டது. அவருடைய ஆட்சியைப் பொருளாதார வீழ்ச்சியோடு ஒன்றாக எண்ணுவோர், வீழ்ச்சியின் வேர் அவருக்கு முன்பே ஊன்றியிருந்ததை மறக்கிறார்கள். அவரைக் காக்க விரும்புவோர், 1992-இல் அவர் எடுத்த முடிவுகளின் விலையை மறைக்கிறார்கள். முந்தைய அரசு 1991 மே மாதத்தில் சுவீடிய நாணயமான குரோனாவின் மதிப்பை ஐரோப்பிய நாணய அலகோடு பிணைத்திருந்தது. அந்தப் பிணைப்பைக் காப்பது நாட்டின் நம்பகத்தன்மையைக் காப்பது என்று பில்ட் நம்பினார். 1992 செப்டம்பர் 16 அன்று, பிரிட்டன் ஐரோப்பிய மாற்று விகித ஏற்பாட்டிலிருந்து விலகிய அதே நாளில், சுவீடனின் மத்திய வங்கி தன் ஓரிரவு வட்டியை 500 சதவீதத்துக்கு உயர்த்தியது. சமூக ஜனநாயகக் கட்சித் தலைவர் இங்வார் கார்ல்சனுடன் உட்கார்ந்து இரண்டு சிக்கனத் தொகுப்புகளை அந்த மாதத்திலேயே பில்ட் முடித்தார். இறக்கை கட்டிய பேச்சாளர் என்று பெயர் எடுத்தவர் எதிர்க்கட்சியோடு இரவிரவாகப் பேரம் பேசியது பலருக்கு வியப்பளித்தது. எல்லாம் இரண்டு மாதமே தாங்கின. மூன்றாம் உடன்பாடு கைகூடவில்லை. நவம்பர் 19 அன்று குரோனா மிதக்க விடப்பட்டு வேகமாகச் சரிந்தது.

இந்த இரண்டு மாதப் பிடிவாதம் தேவைதானா என்பதில் பொருளியலாளர்கள் இன்னும் ஒருமித்த கருத்துக்கு வரவில்லை. பிணைப்பு முன்பே கைவிடப்பட்டிருந்தால் உயர்ந்த வட்டியால் நொடித்த நிறுவனங்கள் சில பிழைத்திருக்கும் என்பது ஒரு வாதம். செலவுக் குறைப்புக்கு இரு பெரிய கட்சிகளையும் இணங்க வைத்ததே அந்தப் போராட்டத்தின் பலன் என்பது மற்றொன்று. முதல் வாதமே வலுவானது என்பது என் எண்ணம். ஆனால் வங்கி நெருக்கடியைக் கையாண்ட விதத்தில் கருத்து வேறுபாடு குறைவு. அந்தச் செப்டம்பரிலேயே அரசு வங்கிகளின் கடப்பாடுகள் அனைத்துக்கும் உத்தரவாதம் அளித்தது. வாராக் கடன்களைத் தனி நிறுவனங்களுக்கு மாற்றியது. நலிந்த வங்கிகளின் உரிமையாளர்களைப் பொதுப்பணத்தில் காப்பாற்றாமல் வங்கியையே அரசுடைமையாக எடுத்துக்கொண்டது. தனியார் மயத்தை முழங்கி வந்த அமைச்சரவை வங்கிகளை அரசுடைமையாக்க நேர்ந்தது. 2008-இல் அமெரிக்க வங்கிகள் சரிந்தபோது உலகம் எடுத்துப் பார்த்த பாடங்களில் இதுவும் ஒன்று. இதை நேரடியாக நடத்தியவர்கள் நிதியமைச்சர் அன்னே விப்லேயும் வரித்துறை அமைச்சர் பூ லண்ட்கிரேனும். பில்டுக்கு மட்டும் மாலை போடுவது நியாயமாகாது.

அதே நேரத்தில் சாதாரண மனிதர் கண்ட சுவீடன் வேறு. 1990-இல் 2 சதவீதத்துக்கும் கீழே இருந்த வேலையின்மை 1993-இல் 8 சதவீதத்தைத் தாண்டியது. மூன்று ஆண்டுகள் தொடர்ந்து உற்பத்தி சுருங்கியது. நோய்விடுப்பின் முதல் நாளுக்கு ஊதியம் இல்லை என்ற விதி 1993-இல் வந்தது. ‘ஒரே வழி’ என்பது பில்ட் தம் கொள்கையைக் குறிக்கப் பயன்படுத்திய சொற்றொடர். வேலையிழந்தவரிடம் அது எப்படி ஒலித்திருக்கும் என்று அவர் எண்ணிப் பார்த்ததாகத் தெரியவில்லை. 1991–1992-இல் ஸ்டாக்ஹோமிலும் உப்சாலாவிலும் குடியேறியவர்களைக் குறிவைத்து ஒருவன் தொடர்ந்து சுட்டு வந்தபோதும் இதே குறை தெரிந்தது. பதினொரு பேர் சுடப்பட்டனர், ஒருவர் இறந்தார். அச்சத்தில் இருந்த ரின்கெபி புறநகருக்குப் பிரதமரும் குடியேற்றத்துறை அமைச்சரும் போனார்கள். கோபத்தில் கொதித்த கூட்டத்தை நோக்கி எல்லோரும் சேர்ந்து ஒரு பாட்டுப் பாடலாம் என்று அமைச்சர் அழைத்தது பெரும் கேலிக்குள்ளானது. ஆனால் அதே அரசு 1993 ஜூனில் பல்லாயிரக்கணக்கான போஸ்னிய அகதிகளுக்கு நிரந்தர வதிவிட அனுமதி வழங்கியது. அதே நாளில் இனி வரும் போஸ்னியருக்கு விசா கட்டாயம் என்றும் அறிவித்தது. இரண்டும் ஒரே முடிவின் இரு பாதிகள். ஒன்றை மட்டும் எடுத்துக்காட்டுபவரை நம்ப வேண்டாம்.

உள்நாட்டில் இன்றுவரை நிலைத்தவை அமைதியாக நடந்த சட்டங்களே. 1992-இல் வந்த பள்ளிச் சட்டம், தனியார் நடத்தும் பள்ளியில் சேரும் மாணவருக்கும் நகராட்சி தன் செலவில் குறைந்தது 85 சதவீதத்தைக் கொடுக்க வேண்டும் என்றது. சிறு சிறு பெற்றோர் பள்ளிகள் உருவாகும் என்ற எதிர்பார்ப்பில் பேசப்பட்ட அந்தச் சட்டம், பங்குச்சந்தையில் பட்டியலிடப்பட்ட பள்ளி நிறுவனங்கள் வரை கொண்டு விட்டது. இலாபம் எடுப்பதற்கு வரம்பு வைக்காதது அன்றைய பெரும் குறை என்பது என் கருத்து. ஆனால் அடுத்து வந்த சமூக ஜனநாயக அரசுகளும் அதை மாற்றவில்லை. தொழிற்சங்கங்கள் நிறுவனப் பங்குகளை வாங்குவதற்காக 1980-களில் உருவான ஊதியதாரர் நிதிகள் கலைக்கப்பட்டு, பணத்தின் பெரும்பகுதி ஆய்வு அறக்கட்டளைகளுக்குப் போனது. இன்றைய சுவீடிய அறிவியல் ஆய்வில் அந்தப் பணத்தின் தடம் இருக்கிறது. புதிய ஓய்வூதிய முறைக்கு ஐந்து கட்சிகள் 1994-இல் உடன்பட்டன. சட்டமானது 1998-இல், வேறொரு கட்சியின் ஆட்சியில்.

வெளியுறவில் அவர் செய்தது இன்னும் ஆழமானது. ஐரோப்பியச் சமூகத்தில் சேர விண்ணப்பித்தது 1991 ஜூலை 1 அன்று, கார்ல்சன் அரசின் காலத்தில். பேச்சுவார்த்தையை நடத்தி முடித்து 1994 ஜூனில் கோர்ஃபு தீவில் கையெழுத்திட்டது பில்ட் அரசு. பொதுவாக்கெடுப்பு நடந்தது 1994 நவம்பர் 13 அன்று, மீண்டும் கார்ல்சன் காலத்தில், 52.3 சதவீதத்தினர் ஆம் என்றனர். எனவே ‘சுவீடனை ஐரோப்பாவுக்குள் கொண்டு சென்றவர்’ என்று அவரை மட்டும் சொல்வது சரியன்று. ஆயினும் 1992-இல் நாட்டின் பாதுகாப்புக் கோட்பாட்டையே திருத்தி எழுதி, நடுநிலை என்ற பழைய சூத்திரத்தை இராணுவ அணிசேராமை என்ற அளவுக்குச் சுருக்கியதில் அவருடைய கை தெளிவாகத் தெரிகிறது. எஸ்டோனியா, லாட்வியா நாடுகளிலிருந்து ரஷ்யப் படைகள் 1994 ஆகஸ்ட் இறுதியில் வெளியேறியதற்கான முயற்சிகளிலும் அவர் ஈடுபாடு காட்டினார். பால்டிக் நாடுகளில் இன்றும் அவருக்குள்ள மதிப்பு இதனால் வந்தது.

1994 செப்டம்பர் தேர்தலில் ஒரு விசித்திரம் நடந்தது. அவருடைய கட்சியின் வாக்கு 22.4 சதவீதமாகச் சற்று உயர்ந்தது. ஆனால் மக்கள் கட்சியும் மையக் கட்சியும் சரிந்தன, புதிய ஜனநாயகம் காணாமலே போனது, சமூக ஜனநாயகக் கட்சி 45 சதவீதத்தைத் தாண்டியது. மக்கள் விரட்டினார்கள் என்று கேள்வியில் உள்ள குறிப்பு கூட்டணிக்குப் பொருந்தும், பில்டின் கட்சிக்குப் பொருந்தாது. பதவியை ஒப்படைக்கக் காத்திருந்த நாள்களில், செப்டம்பர் 28 அன்று, எஸ்டோனியா என்ற பயணிகள் கப்பல் பால்டிக் கடலில் மூழ்கி 852 பேர் இறந்தனர். அவர்களில் ஐந்நூறுக்கும் மேற்பட்டோர் சுவீடியர்.

பால்கன் அத்தியாயம் 1995 ஜூனில் தொடங்குகிறது. ஐரோப்பிய ஒன்றியம் அவரை முன்னாள் யூகோஸ்லாவியாவுக்கான தூதராக நியமித்தது. ஐந்தே வாரங்களில் போஸ்னிய நகரமான ஸ்ரெப்ரெனிட்சா செர்பியப் படையிடம் வீழ்ந்தது. அங்கே ஆண்கள் கொல்லப்பட்டுக்கொண்டிருந்த நாள்களில் பில்ட் செர்பிய அதிபர் மிலோசெவிச்சையும் போஸ்னிய செர்பியத் தளபதி மிலாடிச்சையும் சந்தித்துப் பேசிக்கொண்டிருந்தார். கொலைகளின் அளவு தமக்குப் பின்னரே தெரிந்தது என்பது அவர் நிலைப்பாடு. போஸ்னியத் தரப்பில் பலர் இதை ஏற்கவில்லை. அவர் செர்பியருக்கு இளகியவர் என்ற குற்றச்சாட்டு அங்கே இன்றும் உண்டு. ஆனால் யாரிடமும் கடுமை காட்டாதவர் என்று அவரைச் சொல்லிவிட முடியாது. அதே ஆண்டு ஆகஸ்டில் குரோவேசியப் படை க்னின் நகரைக் குண்டுவீசிக் கைப்பற்றியபோது, அதிபர் டுஜ்மனின் பொறுப்பை அவர் வெளிப்படையாகக் கேள்வி கேட்டு அந்நாட்டின் வெறுப்பைச் சம்பாதித்தார். போஸ்னியப் போரை முடித்த டேட்டன் பேச்சுவார்த்தையின் இணைத்தலைவர்களில் ஒருவராக இருந்து, 1995 டிசம்பர் முதல் 1997 ஜூன் வரை அந்த உடன்பாட்டின் நடைமுறையை மேற்பார்க்கும் போஸ்னியாவின் முதல் உயர் பிரதிநிதியாகப் பணியாற்றினார்.

அந்தப் பதவியின் உண்மை நிலையைச் சொன்னால்தான் அவரை நியாயமாக எடைபோட முடியும். நாட்டில் 60,000 அளவிலான நேட்டோ படை இருந்தது. அதற்கு உத்தரவிடும் அதிகாரம் அவருக்கு இல்லை. 1996 தொடக்கத்தில் சரயேவோவின் செர்பியப் புறநகரங்கள் போஸ்னியாக்கும் குரோவேசியரும் சேர்ந்த கூட்டாட்சிக்கு மாற்றப்பட்டபோது, வெளியேறுவோர் வீடுகளுக்குத் தீ வைத்ததைத் தடுக்க அவரிடம் ஒரு காவலர்கூட இல்லை. பதவி நீக்கவும் சட்டம் விதிக்கவும் உயர் பிரதிநிதிக்கு அதிகாரம் தரப்பட்டது 1997 டிசம்பரில், அவர் போன பிறகு. பின்னால் வந்தவர்களின் அதிகாரத்தை வைத்து அவரை அளப்பது தவறு என்பதில் எனக்கு ஐயமில்லை. அவர் அந்த அதிகாரத்தைக் கேட்டுப் போராடியிருக்க வேண்டுமா என்பதில்தான் எனக்குத் தெளிவில்லை. அதற்குப் போஸ்னியத் தரப்பு ஆவணங்களை வாசிக்கத் தெரிந்த ஒருவர் பதில் சொல்ல வேண்டும்.

இத்தனை காலமும் அவர் கட்சித் தலைமையை விடவில்லை. நாட்டில் இல்லாத தலைவரைக் கொண்டு எதிர்க்கட்சி நடத்துவது சரியா என்ற முணுமுணுப்பு எழுந்ததில் வியப்பில்லை. 1998 தேர்தலில் 22.9 சதவீதம் பெற்றும் ஆட்சி கிட்டவில்லை. அடுத்த ஆண்டு தலைமையை லண்ட்கிரேனிடம் விட்டார். 2002-இல் கட்சி 15 சதவீதத்துக்கு வீழ்ந்ததைப் பார்த்தவர்களுக்கு அவருடைய எண்கள் அவ்வளவு மோசமாகத் தோன்றவில்லை. கட்சியை மீட்டவர் பிரெட்ரிக் ரெய்ன்ஃபெல்ட். 1990-களின் நடுவில் பில்ட் தலைமையை விமர்சித்து ஓரங்கட்டப்பட்டிருந்தவர். 2006-இல் பிரதமரானதும் அவரே பில்டை வெளியுறவு அமைச்சராக அழைத்தார். முன்னாள் பிரதமர், தாம் ஒருகாலத்தில் ஒதுக்கிய இளைஞரின் கீழ் எட்டு ஆண்டுகள் பணியாற்றினார். இருவருக்கும் இதில் பாராட்டு உரியது.

கேள்வியில் உள்ள இலங்கைச் சம்பவம் இந்தக் காலத்தைச் சேர்ந்தது. 2009 ஏப்ரல் இறுதியில், வன்னியில் பொதுமக்கள் போர்முனையில் சிக்கியிருந்தபோது, பிரிட்டனின் டேவிட் மிலிபாண்ட், பிரான்சின் பெர்னார் குஷ்னேர் ஆகியோருடன் பில்டும் கொழும்பு செல்வதாக இருந்தது. அவருக்கு மட்டும் அனுமதி மறுக்கப்பட்டது. சுவீடன் தன் தூதரை ஆலோசனைக்கு அழைத்துக்கொண்டது. மற்ற இருவரும் சென்று, போர்நிறுத்தம் பெற முடியாமல் திரும்பினர். இவை உறுதியானவை. ஏன் அவரை மட்டும் மறுத்தார்கள் என்பதற்கு ஊகங்களே உள்ளன. அந்த ஜூலையில் சுவீடன் ஐரோப்பிய ஒன்றியத்தின் தலைமையை ஏற்கவிருந்தது என்பதும், 2002 முதல் போர்நிறுத்தக் கண்காணிப்பில் நார்டிக் நாடுகளுடன் சுவீடனும் பங்கேற்றது என்பதும் பின்னணியில் இருந்தன. ஆனால் ஒன்றியம் விடுதலைப் புலிகளைத் தடை செய்ததும், அதையடுத்து சுவீடியக் கண்காணிப்பாளர்கள் வெளியேறியதும் 2006-இல் பில்ட் அமைச்சராகும் முன்பே நடந்தவை. அவரைத் தமிழர் ஆதரவாளர் என்றோ எதிர்ப்பாளர் என்றோ வகைப்படுத்த இந்தச் சம்பவம் போதாது.

அவருடைய அமைச்சுக் காலத்தின் மையம் கிழக்கு ஐரோப்பா. போலந்தின் ராடோஸ்வாவ் சிகோர்ஸ்கியுடன் சேர்ந்து 2008-இல் அவர் முன்மொழிந்த ‘கிழக்குக் கூட்டாண்மை’ உக்ரைன், ஜார்ஜியா உள்ளிட்ட ஆறு நாடுகளை ஒன்றியத்தோடு நெருக்கியது. 2013 நவம்பரில் உக்ரைன் அதிபர் யானுகோவிச் அந்த வழியில் வந்த ஒப்பந்தத்தில் கையெழுத்திட மறுத்ததிலிருந்து தொடங்கியதை உலகம் அறியும். மாஸ்கோவின் எதிர்வினையைக் கணிக்கத் தவறினார் என்பது அவர்மீதான விமர்சனம். எனக்கு இது பாதி நியாயமாகவே படுகிறது, ஏனென்றால் 2008 ஜார்ஜியப் போரின்போதே ரஷ்யாவைப் பற்றி அவரளவு கடுமையாக எச்சரித்த ஐரோப்பிய அமைச்சர்கள் மிகச் சிலரே. வேறிடத்தில் அவர் குளிர்ந்த யதார்த்தவாதி. 2010-இல் 1915-ஆம் ஆண்டின் ஆர்மீனியப் படுகொலையை இனப்படுகொலை என்று சுவீடிய நாடாளுமன்றம் ஒரே வாக்கு வித்தியாசத்தில் ஏற்றபோது, துருக்கியுடனான உறவை முன்வைத்து அதை எதிர்த்தார். வெளியே கசிந்த அமெரிக்கத் தூதரகக் குறிப்பொன்று, நடுத்தர உருவமும் பெரிய நாயின் தோரணையும் உள்ள நாய் என்று அவரை வருணித்தது. நட்பு நாட்டின் தூதரகம் எழுதியது அது!

எண்ணெய் விவகாரத்தைத் தவிர்க்க முடியாது. அமைச்சராகும் முன் அவர் லண்டின் என்ற எண்ணெய் நிறுவனத்தின் இயக்குநர் குழுவில் இருந்தார். அந்நிறுவனம் சூடானில் போர் நடந்த பகுதியில் எண்ணெய் தேடியது. 2010-இல் சுவீடிய அரசு வழக்குத்துறை விசாரணை தொடங்கி, 2021 நவம்பரில் நிறுவனத்தின் இரு உயரதிகாரிகள்மீது போர்க்குற்றங்களுக்கு உடந்தை என்று குற்றம் சாட்டியது. 2023 செப்டம்பரில் வழக்கு மன்றத்தில் தொடங்கியது. இருவரும் குற்றச்சாட்டை மறுத்துள்ளனர். பில்ட்மீது குற்றச்சாட்டு வைக்கப்படவில்லை. சட்டப்படி நிற்பது இவ்வளவே. இயக்குநர் குழுவில் அமர்ந்தவர் களத்தில் நடந்ததைப் பற்றி என்ன கேட்டார், என்ன கேட்கவில்லை என்பது அறம் சார்ந்த கேள்வி. அதற்கு அவர் தந்த பதில்கள் என்னைத் திருப்திப்படுத்தவில்லை.

அதைவிடக் குறைவாகப் பேசப்படும் இன்னொன்று பாதுகாப்புச் செலவு. ரஷ்யாவை எச்சரித்துக்கொண்டிருந்த அமைச்சர் இருந்த அதே அரசு 2010-இல் கட்டாய இராணுவச் சேவையை நிறுத்திவைத்தது. 2013 தொடக்கத்தில் முப்படைத் தளபதியே, ஒரு வரையறுக்கப்பட்ட தாக்குதலை ஏறக்குறைய ஒரு வாரம் மட்டுமே தாங்க முடியும் என்று பொதுவெளியில் சொன்னார். வெளியுறவு அமைச்சர் பட்ஜெட் போடுவதில்லை என்பது உண்மை. ஆனால் தம் மதிப்பீட்டில் உறுதியாக இருந்தவர், அதற்குரிய பணத்துக்காக அமைச்சரவைக்குள் வெளிப்படையாக மோதியதற்கான தடயம் எதையும் நான் கண்டதில்லை. நீங்கள் கேட்டபடி அவரைத் தோற்றவர் என்று சொல்ல வேண்டுமென்றால், 1994 தேர்தலைவிட இதையே நான் சுட்டுவேன். கட்டாயச் சேவை 2017-இல் சமூக ஜனநாயக ஆட்சியில் திரும்பி வந்தது. நேட்டோ விண்ணப்பத்தையும் 2022-இல் சமூக ஜனநாயகப் பிரதமர் ஒருவரே அனுப்பினார். 2024 மார்ச் 7 அன்று சுவீடன் உறுப்பினரானபோது ஆட்சியில் இருந்தது பில்டின் கட்சி, ஆனால் அவர் அமைச்சுப் பொறுப்பிலிருந்து விலகி ஒன்பது ஆண்டுகளுக்கு மேலாகியிருந்தது.